மேல் தட்டில் பன்னிரண்டு வட்டுகள்

வியாழன், 22 ஆகஸ்ட் 1996

காலை முழுக்க மழை. இந்த நாட்குறிப்புக்குப் புவியியல் கொப்பியின் அட்டையைப் போட்டிருக்கிறேன். நாளை தொடங்கி மூன்று நாளும் நடப்பதை நடந்தபடியே எழுதுவேன். எனக்கே பாதகமாக இருந்தாலும் ஒரு வரியும் மாற்றமாட்டேன். தமிழில் எழுதக் காரணம், வகுப்பில் ஒருவருக்கும் வாசிக்கத் தெரியாது. அண்ணா எழுத்துக்கூட்டி வாசிப்பான், அரைப் பக்கத்தில் அலுத்துவிடும். அம்மா நன்றாக வாசிப்பார். ஆகவே அட்டை.

நாளை முதல் இங்கே ஆக்லாந்தில் வடபகுதிக் கல்லூரிகளின் ஆண்கள் ஐஸ் ஹொக்கி வெற்றிக்கிண்ணம். நான்கு அணிகள்: பச்சை, சிவப்பு, நீலம், வெள்ளை. வெள்ளியும் சனியும் எல்லோரும் எல்லோருடனும் மோத வேண்டும். அதிகம் வென்ற இரண்டு அணிக்கு ஞாயிறு இரண்டு மணிக்கு இறுதிப்போட்டி.

அண்ணா பச்சை அணியின் கோல்காப்பாளன். இந்த நாட்டுக்கு வந்த வருடமே அம்மாவுக்கு ஐஸ் அரங்கின் கன்டீனில் வேலை கிடைத்தது. அப்பாவுக்கு மவுண்ட் வெல்லிங்டன் பக்கம் ஷிஃப்ட் வேலை. பள்ளிக்கூடம் விட்டால் வீட்டில் எங்களைப் பார்க்க ஆள் இல்லை. அதனால் நான் கன்டீன் மேசையில் புத்தகத்துடன், அவன் ஐஸில். அப்படியே வளர்ந்துவிட்டோம். இது அவனுக்குக் கடைசி வருடம். கிண்ணம் ஒருமுறையும் வந்ததில்லை.

எனக்கும் வேலை தந்திருக்கிறார்கள். புள்ளி எழுதும் மேசையில் உதவி:
1. கோலை நோக்கி வரும் ஒவ்வோர் அடியையும் எண்ணிக் கோடு போடுவது.
2. பென்சில் சீவி வைப்பது.
3. வட்டுகளைப் பார்த்துக்கொள்வது.

மூன்றாவதுதான் முக்கியம். பந்துக்குப் பதில் இந்த விளையாட்டில் கறுப்பு ரப்பர் வட்டு. அதை முதல் நாளே ஃப்ரீசரில் வைத்து இறுக உறைய விட வேண்டும். உறைந்தால் வழுக்கிக்கொண்டு நேராகப் போகும். உறையாவிட்டால் தவளை மாதிரித் துள்ளும், எங்கே போகும் என்று அடித்தவனுக்கே தெரியாது. விதிப்புத்தகத்தை இரண்டு தரம் வாசித்துவிட்டேன்.

பின்னேரம் 5.10க்கு பன்னிரண்டு வட்டுகளையும் கன்டீனின் பின் அறை ஃப்ரீசரில், மேல் தட்டில் நானே அடுக்கினேன். அந்தத் தட்டு எப்போதும் வட்டுகளுக்குத்தான். எண்ணினேன், 12. கதவை மூடினேன். அம்மா சாட்சி.

வேறு: ஊரில் நல்லூர்க் கோயில் திருவிழாவுக்குக் கொடி ஏறியதிலிருந்து வீட்டில் மீன், இறைச்சி, மச்சம் ஒன்றும் இல்லை. இருபத்தைந்து நாளும் சைவம். அம்மா கன்டீனில் இறைச்சி வைத்துச் சுட்ட 'மீட் பை'யை இடுக்கியால் பிடித்துக் கையை முழுதாக நீட்டிக் கொடுக்கிறார், பாம்பு பிடிக்கிறவர் மாதிரி. சனங்கள் சிரிக்கிறார்கள்.

வெள்ளி, 23 ஆகஸ்ட்

மழை விடவில்லை. கணக்குச் சோதனை, சுமார்.

அவசரமாக எழுத வேண்டியது: இன்று ஏதோ தில்லுமுல்லு நடந்திருக்கிறது.

5.35க்கு வட்டுகளை எடுக்கப் போனேன். கன்டீனின் பின் அறையிலிருந்து கொலின் வெளியே வந்தார். கொலின் சிவப்பு அணியின் உபகரணங்களைப் பார்க்கும் கிழவர். சம்பளம் இல்லாமல் பல வருடமாகச் செய்கிறாராம். கையில் நீலக் குளிர்ப்பெட்டி. என்னைக் கண்டதும் பெட்டியை மற்றக் கைக்கு மாற்றினார்.

"நல்ல பின்னேரம், என்ன?" என்றார்.

வெளியே கொட்டுகிற மழை!

ஃப்ரீசரைத் திறந்தேன். வட்டுகள் 12. ஆனால் நான் ஆறு ஆறாக அடுக்கியிருந்தேன், இன்று நான்கு நான்காக இருந்தன. தொட்டால் குளிர்ந்தன, ஆனால் சுடவில்லை. நன்றாக உறைந்த வட்டு விரலைச் சுடும் என்று விதிப்புத்தகத்தில் இல்லை, வித்யா அக்கா சொன்னது. வித்யா அக்கா கோயம்புத்தூர், இங்கே பல்கலைக்கழகத்தில் கணினி படிக்கிறார், புள்ளி மேசையில் ஆட்ட மணிக்கூட்டுக்குப் பொறுப்பு. 'ஆம்' என்பதற்கு நான் 'ஓம்' என்றால் தானும் வேண்டுமென்றே 'ஓம்' என்று சொல்லிச் சிரிப்பார். அவரிடம் வட்டைக் கொடுத்தேன்.

"கொஞ்சம் சாஃப்டாதான் இருக்கு. ஆமா, ஃப்ரீசர் வேலை செய்யுதா?"

"ஐஸ்கிரீம் கல்லு மாதிரி இருக்கு அக்கா."

"அப்போ பரவால்ல. பத்து நிமிஷம் ஐஸ் வாளியில போடு."

ஆட்டம் பச்சை எதிர் சிவப்பு. முதல் பகுதியிலேயே வட்டு துள்ளத் தொடங்கியது. மூன்றுக்கு மூன்று சமன். முடிய நாலு நிமிடம் இருக்க, சிவப்புக்காரன் ஒருவன் நடுக்கோட்டிலிருந்து சும்மா தட்டிவிட்டான். அண்ணா மட்டையை வைத்துக்கொண்டு சாவகாசமாக நின்றான். வட்டு அவனுக்கு முன்னால் விழுந்து எழும்பி மட்டைக்கு மேலால் உள்ளே போனது. அரங்கு முழுக்கச் சிரிப்பு. 3-4.

 காரில் அண்ணாவிடம் வட்டு பற்றிச் சொல்லத் தொடங்கினேன்.

"ஸ்டுபிட் மாதிரிக் கதைக்காதை. விட்டது நான்."

அவன் தன்னையே குற்றம் சொல்கிறான். எனக்கு அதைப் பொறுக்க முடியவில்லை.

இனிக் கொலினைக் 'கொ.' என்று எழுதுவேன், பாதுகாப்புக்காக. கொ.வுக்கு எதிராக:
– பெட்டி.
– பெட்டியைக் கை மாற்றியது.
– மழையை நல்ல பின்னேரம் என்றது.
– வட்டுகளின் அடுக்கு மாறியது.
– லாபம் யாருக்கு? சிவப்புக்கு.

ஆனால் வட்டு இரண்டு பக்கமும்தானே துள்ளும்? இல்லை. துள்ளும் என்று தெரிந்தவனுக்கு அது லாபம். தெரியாதவனுக்குத்தான் நட்டம்.

சனி, 24 ஆகஸ்ட்

வெயில், ஆனால் பற்கள் தந்தியடிக்கும் குளிர்.

நேற்றிரவு ஆட்டம் முடிந்து நான் அடுக்கிய 12 வட்டும் காலையில் இடத்தில். இன்று நான்கு நான்காகவும் இல்லை, வரிசையாக. மறுபடி மெத்தென்று இருந்தன. கொ. மறுபடி பின் அறைப் பக்கம், 8.40க்கு! இந்த முறை துவாயைப் பெட்டிக்கு மேல் போட்டு மறைத்திருந்தார். நான் பார்ப்பதைக் கண்டு, கன்டீனில் தேநீர் கேட்டார். குடிக்காமல் வைத்துவிட்டுப் போனார்.

இன்று யாரையும் நம்ப மனம் வரவில்லை. நடுவர் சிவப்பு அணிப் பயிற்சியாளரோடு ஏன் சிரித்தார்? நீல அணியின் தாய் ஒருவர் ஏன் என் தாளை எட்டிப் பார்த்தார்? வித்யா அக்காவிடம் கேட்டேன்.

"என்னடி, போலீஸ் ஸ்டேஷனா நடத்துற? அந்த அம்மா கண்ணாடி எடுத்துட்டு வரல, ஸ்கோர் பாக்க வந்தாங்க."

பச்சை நீலத்தை வென்றது, 5-2. வெள்ளையையும் வென்றது, 4-3. அண்ணா இன்று ஒவ்வொரு வட்டுக்கும் முழங்காலில் விழுந்து நெஞ்சால் மறித்தான். நாளை இறுதி: பச்சை எதிர் சிவப்பு.

அப்படியானால் நாளையும் கொ. அதையே செய்வார். நான் கென்னிடம் போனேன். கென் அரங்கின் மனேஜர், போட்டிக் குழுவிலும் ஒருவர். சொன்னேன். அவர் முகம் மாறியது. "எழுதிக் கொடு" என்றார். ஆங்கிலத்தில் ஒரு பக்கம், நல்ல எழுத்தில், கையெழுத்துடன்.

கொடுக்க முன் வித்யா அக்கா வாசித்தார்.

"'வட்டுகளை வெளியே எடுத்ததைப் பார்த்தேன்'னு எழுதியிருக்க. பாத்தியா?"

"பெட்டியோட வாறதைப் பார்த்தனான்."

"அது வேற, இது வேற. பாத்தத எழுது. நெனச்சத எழுதாத."

நான் அந்த வரியை மாற்றவில்லை. மாற்றினால் தாள் ஊத்தையாகும் என்று சொன்னேன். (உண்மை: மாற்றினால் தாளில் ஒன்றும் மிஞ்சாது.)

ஐந்து மணிக்குக் கென் வந்து சொன்னார். கொ. இனி அரங்குக்குள் வரக்கூடாது. நாளை ஒரு மணிக்குக் குழு கூடும். குற்றம் என்று கண்டால் சிவப்பு அணி விலக்கப்படும். கிண்ணம் பச்சைக்கு, விளையாடாமலே. கொ. என்ன சொன்னார் என்று கேட்டேன். ஒன்றுமே சொல்லவில்லையாம். பின் அறையில் என்ன செய்தீர் என்று கேட்டதற்கும் வாய் திறக்கவில்லையாம்.

குற்றவாளி என்றபடியால்தானே?

அதே நாள், வீட்டில், 7 மணி

அவசரமாக எழுதுகிறேன். எழுத்து மோசமாக வரும்.

நாளைக் காலை லின்ஃபீல்ட் என்ற இடத்தில் மண்டபம் வாடகைக்கு எடுத்து நல்லூர்த் திருவிழாவை நினைத்து எங்கள் ஆட்கள் செய்யும் பூசை. மோதகத்துக்குத் தேங்காய்ப்பூ அம்மாவின் பொறுப்பு. கிழமை முழுக்க நாற்பது தேங்காய் துருவினார். சற்று முன் அந்தத் துருவலை நிரப்பிய ஐஸ்கிரீம் டப்பாக்களை மேசையில் வைத்து எண்ணிக்கொண்டிருந்தார்.

"எட்டுத்தான் கிடக்கு. மிச்சம் எட்டையும் நாளைக்குக் காலமை வேலையில இருந்து எடுத்துக்கொண்டு போகோணும். நினைவுபடுத்து பிள்ளை."

"வேலையில எங்க?"

"ஃப்ரீசரிலதான். இஞ்ச இடம் எங்க கிடக்கு?"

"அதுக்குள்ள முழுக்க மீட் பை எல்லோ அம்மா. விரதத்துக்குப் பரவாயில்லையோ?"

"எனக்கு என்ன விசரோ, அதுக்குள்ள வைக்க? மேல் தட்டிலதான் வைச்சனான். அந்தத் தட்டில ஒருநாளும் மச்சம் பட்டதில்லை. உங்கட ரப்பர்ச் சில்லுகள் மட்டும்தானே."

நான் எப்படிக் கேட்டேன் என்று தெரியவில்லை. கேட்டேன். சில்லுகள் எங்கே?

"கீழ குளிர்சாதனப் பெட்டியில, பால் வைக்கிற பக்கம். நீ வந்து தேடுவாய் எண்டு ஒரு மணித்தியாலத்துக்கு முதல் திருப்பி எடுத்து டப்பாவுக்கு முன்னால வைச்சனான். ரெண்டு நாளும். ஏன், ஒண்டு குறையுதோ?"

"இல்லை. பன்னிரண்டும் இருக்கு."

"பின்ன என்ன? ரப்பர் பழுதாப் போற சாமானோ?"

நான் கதவைத் திறந்தபோது வட்டுகளை மட்டுமே எண்ணினேன். பின்னால் நின்ற டப்பாக்களைக் கண்டேன், ஐஸ்கிரீம் என்று நினைத்தேன். 'ஐஸ்கிரீம் கல்லு மாதிரி இருக்கு' என்று நானே வித்யா அக்காவுக்குச் சொன்னேன்.

ஃப்ரீசர்க் கதவில் கென் ஒட்டிய தாள் ஒன்று உண்டு. சுகாதாரப் பரிசோதகர் வந்துபோன பிறகு ஒட்டியது. ஊழியர்கள் தங்கள் வீட்டுச் சாமானை இதற்குள் வைத்தால் வேலை இல்லை. அம்மா அதை வாசித்திருக்கிறார். சாமிக்கு வைப்பது வீட்டுச் சாமான் அல்ல என்று அவர் கணக்கு.

ஆகவே:
நான் பேசாமல் இருந்தால் அண்ணாவுக்குக் கிண்ணம், அம்மாவுக்கு வேலை.
சொன்னால் இரண்டும் போகலாம்.
கொ. எங்களுக்கு யார்?

கடைசி வரியை அழிக்க நினைத்தேன். ஒரு வரியும் மாற்றமாட்டேன் என்று எழுதியிருக்கிறேன். கிடக்கட்டும்.

ஞாயிறு, 25 ஆகஸ்ட்

தூறல். பூசை 9.30க்கு. அம்மாவும் அப்பாவும் முதலே அரங்கில் இறங்கி மிச்ச டப்பாக்களை எடுத்து வந்தார்கள். தேவாரம் என் முறை. இரண்டாம் அடி மறந்துவிட்டது. சனம் அதிகம். 'ஆக்லாந்தில இவ்வளவு தமிழ்ச் சனமோ' என்று ஒவ்வொரு வருடமும் யாரோ கேட்பதை இந்த வருடமும் யாரோ கேட்டார்கள். மோதகம் தந்தார்கள். சாப்பிட முடியவில்லை. கைலேஞ்சித் துணியில் சுற்றி வைத்தேன்.

அப்பா ஷிஃப்ட்டுக்கு வேறொருவரின் காரில் போய்விட்டார், அண்ணா முதலே அணியோடு அரங்கில். அரங்குக்குப் போகும் வழியில் அம்மாவும் நானும் மட்டும். நியூ லின் சந்தி லைட்டில் நின்றபோது சொல்லிவிட்டேன். முழுக்க. பொய் வரியையும்.

லைட் பச்சை ஆனது. பின்னால் ஹோர்ன் அடித்தார்கள். அம்மா எடுக்கவில்லை. பிறகு எடுத்தார்.

"ஏன் முதல் என்னட்டக் கேக்கேல்லை?"

"நீங்கள் செய்வியள் எண்டு நினைக்கேல்லை."

"அந்தக் கிழவன் செய்வான் எண்டு மட்டும் நினைச்சனியோ?"

அம்மா கியரை மாற்றினார்.

"சொன்னால் என்ர வேலை போகும். தெரியுமோ?"

"ஓம்."

"உன்ர அண்ணன்ர கப்பும்."

"ஓம்."

"தெரிஞ்சும் சொல்லப் போறாய்."

"தெரியாது அம்மா. நீங்கள் சொல்லுங்கோ."

"என்ர தலையில கட்டாதை. கையெழுத்து வைச்சது நீ." வைப்பரின் வேகத்தைக் கூட்டினார். பிறகு, "நான் சொன்னன் எண்டு செய்யாதை. செய்யாமலும் விடாதை" என்றார். இதற்கு என்ன அர்த்தம் என்று இன்னும் எனக்கு விளங்கவில்லை. ஆனால் காரைக் கெதியாக, வழக்கத்தைவிட வேகமாக ஓட்டினார்.

12.25. கார் நிறுத்துமிடத்தின் மூலையில் கொலினின் வெள்ளை வேன். (இனிக் 'கொ.' தேவையில்லை.) உள்ளே வர விடாததால் வேனுக்குள் இருந்து தெர்மோஸில் குடித்துக்கொண்டிருந்தார். கண்ணாடியைத் தட்டினேன். இறக்கினார். நான் யார் என்று அவருக்குத் தெரிந்திருந்தது.

எழுதியதில் ஒரு வரி நான் காணாதது என்றேன். வட்டுகளை எடுத்தவர் அவர் அல்ல, யார் என்று தெரியும், இப்போது உள்ளே போய்ச் சொல்லப்போகிறேன் என்றேன். பிறகு கேட்கக் கூடாததையும் கேட்டேன். பெட்டிக்குள் என்ன?

தெர்மோஸை மூடினார்.

"உன் அண்ணன்தானே பச்சைக் கோல்காப்பாளன்?"

"ஆம்."

"அப்போ உன்னிடம் சொல்வது முட்டாள்தனம்." ஆனால் சொன்னார். வீக்கத்துக்கு ஒத்தடம் கொடுக்க, கன்டீன் ஃப்ரீசரில் வைத்திருந்த உறைந்த பட்டாணிப் பைகள். சிவப்பு அணித் தலைவனின் இடது கணுக்கால் வெள்ளிக்கிழமை காலைப் பயிற்சியில் வீங்கிவிட்டது. தெரிந்தால் மற்ற அணிகள் அந்தக் காலையே குறிவைத்து மோதும். அதனால்தான் ஒளித்து ஒளித்து எடுத்தாராம். குழு கேட்டபோதும் அதனால்தான் வாயை மூடினாராம்.

"நான் சொல்லமாட்டேன்" என்றேன்.

"அதை எப்படி நம்புவது?" என்றார். நியாயமான கேள்வி.

12.50. கென்னின் அறை. குழுவில் மூன்று பேர். சொன்னேன். 'பார்த்தேன்' என்றது பொய் என்றும் சொன்னேன். எடுத்தது யார் என்றார்கள். திரும்பிப் பார்த்தேன். கதவு திறந்திருந்தது. அம்மா கன்டீன் ஏப்ரனோடு வந்து என் பக்கத்தில் நின்றார். அவர் சொல்லிவிடுவார் என்று எதிர்பார்த்தேன். அவர் சொல்லவில்லை. என்னைப் பார்த்துக்கொண்டு நின்றார்.

"என் அம்மா" என்றேன்.

பட்டாணி பற்றிச் சொல்லவில்லை. குழு கேட்டது, கொலின் அங்கே என்ன செய்தார்? வட்டுகளுக்கும் அதற்கும் தொடர்பில்லை, அது எனக்குத் தெரியும், ஆனால் சொல்லமாட்டேன் என்றேன். நம்பினார்களோ தெரியாது. புதுத் தாளில் மறுபடி எழுதிக் கையெழுத்து வாங்கினார்கள். ஒரு பிரதி எனக்கு. கொலினை உள்ளே விட்டார்கள். இன்றைய வட்டுகளைக் கென் காலையிலேயே வேறு அரங்கிலிருந்து எடுத்து வந்திருந்தார். தொட்டேன், விரல் சுட்டது.

ஆட்டத்துக்கு முன் அண்ணாவிடம் சொன்னேன். பாதுகாப்புக் கவசம் கட்டிக்கொண்டிருந்தான்.

"சும்மா வந்த கப்பை வேண்டாம் எண்டு சொல்லிப்போட்டாய்?"

"ஓம்."

"நல்லது. எனக்கு அவங்களோட ஒரு கணக்கு இருக்கு." பிறகு திரும்பி, "அவங்கட கப்டனுக்கு என்னவோ பிழை, தெரியுமோ? நேற்று முழுக்க வலப்பக்கமாத்தான் திரும்பினவன்" என்றான்.

நாக்கு நுனி வரை வந்தது. "எனக்கு எப்பிடித் தெரியும்" என்றேன். உண்மையே எழுதுவேன் என்ற பெண் சொன்ன பொய் இது. எண்ணிக்கொள்ளலாம்: இந்த மூன்று நாளில் இரண்டாவது.

இறுதிப்போட்டி. நான் போட்ட கோடுகள்: சிவப்பு கோலை நோக்கி 31 அடி, பச்சை 24. முதல் பகுதி 0-0. இரண்டாவதில் 1-1. அண்ணா பறந்தான். மூன்றாம் பகுதியில் ஆறு நிமிடம் மிச்சம் இருக்க சிவப்புத் தலைவன் இடப்பக்கம், அந்தக் காலையே ஊன்றித் திரும்பி அடித்தான். வலி அவன் முகத்தில் தெரிந்தது. வட்டு துள்ளவில்லை. கோடு கிழித்த மாதிரி வந்து மூலையில் நுழைந்தது. 1-2. அதோடு முடிந்தது.

அவன் அந்தப் பக்கம் திரும்பமாட்டான் என்றுதான் அண்ணா நினைத்திருந்தான். நான் சொல்லியிருந்தாலும் அதைத்தான் நினைத்திருப்பான். சொல்லாமல் விட்டது உதவியோ கெடுதலோ, எனக்குத் தெரியவில்லை.

எல்லோரும் வரிசையாகக் கை குலுக்கினார்கள். வித்யா அக்கா மணிக்கூட்டை நிறுத்திவிட்டு என் தலையில் ஒரு குட்டு. "அழாத. பேப்பர் நனையும்." அண்ணா தலைக்கவசத்தைக் கழற்றினான், முடி ஒட்டியிருந்தது. "அது நல்ல கோல்" என்றான் என்னிடம். "வெள்ளிக்கிழமைப் பகிடி மாதிரி இல்லை. இதை நினைச்சுக்கொண்டு நித்திரை கொள்ளலாம்."

5.05. கன்டீன். கென் வந்தார். அம்மாவின் முகத்தைப் பார்க்காமல் தேநீர்க் கேத்தலைப் பார்த்துக் கதைத்தார். பரிசோதகர், விதி, குழு, தன் கையில் இல்லை. சாவியைத் தரவேண்டும். அவர் குரல் கரகரத்தது. நல்ல மனிதர் என்று எழுத இப்போது மனமில்லை, ஆனால் கரகரத்தது உண்மை. நற்சான்றுக் கடிதம் நன்றாக எழுதித் தருவாராம். எழுதுவாரா? ஷொப்பிங் மாலில் புதிதாக ஒரு பேக்கரி ஆள் தேடுகிறது என்றும் சொன்னார். மெய்யா, சும்மா ஆறுதலா?

அம்மா, "ஒரு அரை மணித்தியாலம்" என்றார் ஆங்கிலத்தில். கென் போனதும் அடுப்பைத் துடைக்கத் தொடங்கினார்.

"அம்மா, அதான் வேலை போச்சே. விடுங்கோவன்."

"ஊத்தையா விட்டுட்டுச் சாவி குடுக்கேலாது. அந்த வாளியைத் தா."

கொடுத்தேன். தரையையும் துடைத்தார். ஃப்ரீசரின் மேல் தட்டையும்.

கொலின் கன்டீன் வாசலில் வந்து நின்றார். தேநீர் இல்லை, மூடிவிட்டோம் என்று அம்மா சொன்னார். அவர் தலையாட்டிவிட்டுப் போகாமல் நின்றார். பிறகு குந்தி, தரையில் கிடந்த மற்றத் துணியை எடுத்து, மீட் பை வைக்கும் கண்ணாடிப் பெட்டியை வெளிப்பக்கம் துடைக்கத் தொடங்கினார். 

5.30. அம்மா கை கழுவிவிட்டு எனக்கு எதிரே அமர்ந்தார். முதல்முறையாக இந்தப் பக்கம் மேசையில், சனங்கள் இருக்கும் கதிரையில்.

"அந்தத் தாளை எடு. என்ன எழுதிக் குடுத்தனி? வாசி."

தமிழாக்கி வாசித்தேன். என் அம்மா வட்டுகளை இடம் மாற்றினார். காரணம் சமயம். தீங்கு நினைத்துச் செய்யவில்லை. கொலின் எடுத்ததை நான் காணவில்லை. கண்டதாக எழுதியது என் பொய்.

"என்ர முழுப் பேரும் போட்டனியோ?"

"ஓம்."

"வயசு?"

"போடேல்லை."

"அது காணும், போதும்" என்றார். வாயின் ஓரம் கொஞ்சம் அசைந்தது. கோபமா சிரிப்பா, பார்த்துச் சொல்வதற்குள் அண்ணா பையை இழுத்துக்கொண்டு வந்து "போவமா?" என்றான். அம்மா சாவியை மேசையில் என் புத்தகத்துக்குப் பக்கத்தில் வைத்திருக்கிறார். கென் வந்து எடுக்கும் வரை இருக்க வேண்டுமாம். அட்டையைப் பார்த்துவிட்டு, "புவியியலுக்கு இவ்வளவு எழுதவேண்டிக் கிடக்கோ?" என்று கேட்கிறார். கேட்கும் விதத்தைப் பார்த்தால் எப்போதோ தெரிந்துவிட்டது போலிருக்கிறது. எத்தனை பக்கம் வாசித்தார்? எந்த நாளிலிருந்து? கேட்கலாமா என்று

லைட்டை அணைத்துவிட்டார்கள்.